ஒரு கைப்பிடி அரிசி

வீட்டில் வறுத்த குழம்பு மசாலாவை அரைக்க, பாளையங்கோட்டையில் ஒரு மில்லுக்குப் போனேன். மிளகாய் அரைக்கும் மிஷின் ரிப்பேர். கெஞ்சியதும் மில்காரர் மாவு மிஷினிலேயே அரைத்துக் கொடுத்தார்.

"காரம் போக ஒரு கைப்பிடி அரிசி போட்டு ஓட்டிட்டுப் போங்கம்மா. அடுத்து பிள்ளைக்கஞ்சி மாவுல்லா அரைக்கணும்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.

பஸ் வந்துவிட்டது. "போட்டாச்சு அண்ணாச்சி" என்று பொய் சொல்லிவிட்டு ஓடினேன்.

மறுவாரம் மில்லில் ஒரு பெண் புலம்பிக்கொண்டிருந்தாள். "கஞ்சி குடிச்சதும் பிள்ளை வாய் எரிஞ்சு வீறிட்டு அழுதான். நான்தான் மிளகாப்பொடி டப்பாவக் கழுவாம கொண்டாந்தேனாம். மாமியா ஏசுதாவ."

மில்காரர் என்னைக் காட்டினார். "மிஷின் சுத்தம்தான். இவங்கதான் அரிசி போட்டு ஓட்டுனாங்க, கேட்டுப் பாரும்மா."

நான் தலையாட்டினேன்.

"அப்போ என் தப்புதான்" என்றாள்.

அந்த மசாலா முக்கால் டப்பா அப்படியே இருக்கிறது. எடுத்துக் குழம்பு வைக்க மனசு வரவில்லை.