எடை கூடக் கேட்ட ராசையா

ஜாமீன் மனு எழுதிப் பிழைத்தவளுக்கு இருட்டின பிறகு கேட்கும் எந்தச் சத்தமும் வெறும் சத்தமாக இருப்பதில்லை. சற்று முன் பின்சுவரை எதுவோ கரகரவென்று தேய்த்தது. நின்றது. பிறகு பெருமூச்சு மாதிரி ஒன்று. காட்டெருமையாக இருக்கலாம். நாங்கள் வெளியே எடுத்துவிட்ட யாராவதாகவும் இருக்கலாம். வீட்டுக்காரருக்குக் குந்தா பவர்ஹவுஸில் நைட் ஷிப்ட். குழந்தை தூங்குகிறாள். பயம் வந்தால் ஜெபம் சொல் என்பார்கள் கான்வென்ட் சிஸ்டர்கள். சொல்லி முடித்தாயிற்று, பயம் போகவில்லை, அதனால் எழுதுகிறேன். கோர்ட் வராந்தாவில் பேர் கூப்பிடக் காத்துக் கால் மரத்துப் போனவர்களே, உங்களுக்குப் புரியும்.

குழந்தை பிறக்கும் வரை கூடலூரில் ஒரு சீனியரிடம் ஜூனியராக இருந்தேன். பச்சைத் தேயிலை விலை படுத்த காலம். இன்னும் எழுந்த பாடில்லை. ஃபாக்டரிகள் மூட மூட எங்கள் ஆபீஸ் பெஞ்சில் கூட்டம் கூடியது. அந்தப் பெஞ்சை நினைத்தால் இப்போது ஏக்கமாக இருக்கிறது, நம்புங்கள்.

கொழுந்துத் தராசு

ராசையா தேவர்சோலைப் பக்கம் சிறு விவசாயிகளின் கொழுந்து மூட்டைகளை ஃபாக்டரிக்குச் சுமந்தவர். சிலோனிலிருந்து வந்த குடும்பம். எடைக்குத் தக்க கூலி. ஃபாக்டரி மூடியதும் கிடைத்ததைத் தூக்கினார். ஒருநாள் பஸ் ஸ்டாண்டில் யாரோ ஒருத்தன், தைலம் காய்ச்சும் இலை என்று சொல்லி ஒரு மூட்டையை ஓவேலி ரோட்டுக்குக் கொண்டுபோகச் சொன்னான். வழியில் போலீஸ் மறித்தது. உள்ளே கஞ்சா. கொடுத்தவனைக் காணோம்.

பக்கத்துக் கடைத் தராசில் நிறுத்தார்கள். இருபது கிலோவுக்குக் கொஞ்சம் கீழே நின்றது. கஞ்சாவுக்கு இருபது கிலோதான் வேலி; தாண்டிவிட்டால் ஜாமீன் லேசில் கிடைக்காது. ராசையாவுக்கு அது என்ன தெரியும்? ஈரத்துக்குக் கழிவு, சாக்குக்குக் கழிவு என்று எடையைக் குறைக்கும் தராசுக்காரர்களோடு ஆயுசு முழுக்க மல்லுக்கு நின்றவர். பழக்க தோஷம், "ஐயா, தராசு கொறச்சுக் காட்டுதுங்க, மறுபடி போடுங்க" என்று சொல்லிவிட்டார். போட்டார்கள். முள் வேலி தாண்டியது.

ஜெயிலில் அவரைப் பார்த்துவிட்டு வந்த மனைவி லெட்சுமி இதைச் சொன்னபோது சீனியர் கண்ணாடியைக் கழற்றி நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "ஏனுங்க, மூட்டையத் தூக்கறப்ப வாயைக் கொஞ்சம் ஊட்டுல வெச்சுட்டுப் போயிருக்கக் கூடாதுங்களா?"

கொண்டை ஊசி வளைவுகள்

போதைப்பொருள் வழக்குகளைக் கேட்கும் கோர்ட் கீழே கோயமுத்தூரில். முதல் மனுவுக்கு லெட்சுமியும் நானும் பஸ்ஸில் ஒரே சீட்டில் போனோம். இரண்டு பேருக்கும் வயிறு தெரிய ஆரம்பித்திருந்தது. ஒவ்வொரு வளைவிலும் நான் ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்ட, அவள் முதுகைத் தடவிவிட்டாள். ஃபீஸ் வாங்கினவள் நான், பணிவிடை செய்தவள் அவள்.

சர்க்கார் வக்கீல் எழுந்து "கமர்ஷியல் குவான்டிட்டி" என்றார், இருபது கிலோ வேலியைத் தாண்டிய அளவு என்று அர்த்தம். அவ்வளவுதான், மனு தள்ளுபடி. திரும்பும் வழியில் குன்னூர் வந்ததும் அவள் என் கையைப் பிடித்துத் தன் வயிற்றின்மேல் வைத்தாள். "ஒங்க புள்ள பொறக்கறப்ப அதோட அப்பா பக்கத்துல இருப்பாரு வக்கீலம்மா. என் புள்ளைக்கு அப்பாவ நீங்கதான் எடுத்துத் தரணும்."

எதிர்த்தரப்பு செய்த உபகாரம்

இத்தனை எடைக்கு ஜாமீன் வேண்டுமென்றால், சர்க்கார் வக்கீல் எதிர்ப்பதைக் கேட்ட பிறகும், ஆள் குற்றம் செய்திருக்க மாட்டான், வெளியே போனாலும் செய்ய மாட்டான் என்று நீதிபதிக்கே தோன்ற வேண்டும். இரண்டாவது மனுவில் 'மறுபடி போடுங்க' விஷயத்தைப் பற்றி நாங்கள் மூச்சே விடவில்லை. லெட்சுமிக்கு எட்டாம் மாதம்.

சர்க்கார் வக்கீல் உற்சாகமாக எழுந்தார். "எடையில் சந்தேகமே இல்லை. குறைவாகக் காட்டுகிறது என்று குற்றம் சாட்டப்பட்டவரே கேட்டு மறுபடி நிறுக்க வைத்தார். கடைக்காரரே சாட்சி." எனக்கு உயிர் போய்விட்டது. சீனியர் முகத்தைப் பார்த்தால், சிரிப்பை அடக்கிக்கொண்டிருக்கிறார்! நாங்கள் சொல்லியிருந்தால் கட்டுக்கதை, எதிர்த்தரப்பே சொன்னால் சாட்சியம். கழிவு, கூலி, கொழுந்துத் தராசு என்று ஆதியோடந்தம் நிதானமாக எடுத்துச் சொன்னார். நீதிபதி சர்க்கார் வக்கீல் பக்கம் திரும்பினார். "கஞ்சான்னு தெரிஞ்சு தூக்கினவன் எடை கூட்டிப் போடச் சொல்லுவானாய்யா?"

போஜனின் தோட்டம்

ஜாமீன் கிடைத்தது. கிடைத்தால் மட்டும் போதுமா? சொத்துள்ள இரண்டு பேர் பொறுப்பேற்க வேண்டும். எஸ்டேட் வரிசை வீடான லயத்தில் குடியிருப்பவர்களுக்கு ஏது சொத்து? ஒருவர் எப்படியோ கிடைத்தார். இன்னொருவராக வந்து நின்றவர் படுகர் ஊரைச் சேர்ந்த சிறு தேயிலை விவசாயி போஜன். ராசையா வருஷக்கணக்கில் மூட்டை சுமந்தது அவருக்காகத்தான். "எனக்காகத் தராசுல சண்டை போட்ட ஆளுங்க" என்றார்.

ராசையா ஓடிப்போனால் தோட்டத்துக்கே ஆபத்து என்று சீனியர் எச்சரித்தார். போஜன் தலைப்பாகையைச் சரி செய்துகொண்டார். "எடுத்துக்கட்டுங்க. இந்த வெலைக்குக் கொழுந்து பறிக்கிற கூலியாச்சும் எனக்கு மிச்சம்."

தேத்தண்ணி

ஜெயில் வாசலிலிருந்து ராசையாவை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு மலையேறினோம். லயத்துக்கு வந்து சேர்ந்தபோது பனி இறங்கிவிட்டது. தேத்தண்ணி குடிக்காமல் போகக்கூடாது என்று காலையிலேயே சொல்லி அனுப்பியிருந்தாள் லெட்சுமி. அந்த ஆசையில் சீனியர் வழியில் எங்குமே நிறுத்தவில்லை.

அவள் வாசலில் நின்றாள். நாளை, மறுநாள் என்று இருந்தது வயிறு. புருஷனை ஏற இறங்கப் பார்த்தாள். "எளைச்சுட்டீங்க" என்றாள். கையைப் பிடித்து உள்ளே இழுத்தாள். கதவு சாத்திக்கொண்டது. சீனியர் என்னைப் பார்த்தார். நான் ஜீப்பைப் பார்த்தேன். உள்ளேயிருந்து அழுகையும் சிரிப்புமாகக் குரல் வந்தது. "வக்கீலம்மா, கோவிச்சுக்காதீங்க, தேத்தண்ணி நாளைக்கித் தாறேன்!"

வழக்கு இன்னும் முடியவில்லை, தினமும் ஸ்டேஷனில் கையெழுத்து வேறு, ஆனால் ஜாமீன் என்றால் என்னவென்று சட்டப் புத்தகத்தில் படித்ததைவிட, தேத்தண்ணி கிடைக்காமல் பனியில் நின்ற எங்கள் முகத்துக்கு நேரே அந்தக் கதவு உள்ளேயிருந்து தாழிடப்பட்டபோதுதான் எனக்கு நன்றாக விளங்கியது.