காலி நகரத்துக்கு அண்டா வேண்டாம்

அக்காவின் சீர்வரிசையை ஏற்றிக்கொண்டு மினி லாரி வாலாஜாபாத் சாலையில் திரும்பி மறைந்த காலையில்தான் அந்த நகரம் எனக்குத் தோன்றியது. கட்டில், பீரோ, குடங்கள், குண்டான்கள் எல்லாம் போயிருந்தன. துடைப்பத்தோடு மாடியறைக்கு ஏறினேன். கதவைத் திறந்து சும்மா "யாரு?" என்றேன். "யாரு?" என்று அறையும் கேட்டது. இத்தனை வருஷமாக அந்த அறைக்கு ஒரு குரல் இருந்திருக்கிறது, பாத்திரங்கள்தான் அதன் வாயை அடைத்து வைத்திருந்தன!

துடைப்பத்தைப் போட்டுவிட்டு நடுவில் உட்கார்ந்தேன். ஜன்னலில் ஏரி, கழனி, அதற்கு மேல் வானம். அப்படியே மேலே மேலே போனால் ஓர் ஊர் இருக்கிறது என்று பட்டது. மேகத்துக்கும் மேலே, மூச்சு வாங்கும் உயரத்தில். ஏறும் வழி செங்குத்து; சுமையோடு ஏற முடியாது. ஒவ்வொரு வளைவிலும் எதையாவது இறக்கி வைத்துவிட்டுத்தான் போக வேண்டும். அதனால் அந்த ஊர்க்காரர்களுக்கு வெறுமைதான் பெருமை. ஊர் நடுவில் கோயில் இல்லை, சிலை இல்லை, ஒரு காலி மனை இருக்கிறது. அதில் யாரும் எதையும் கட்டிவிடாமல் முறை வைத்துக் காவல் காக்கிறார்கள். திருவிழாவில் யாரும் ஏறாத பல்லக்கைத் தூக்கிக்கொண்டு தெருத்தெருவாகப் போகிறார்கள்.

நான் புவியியல் படித்தவள். மலையைப் படத்தில்தான் பார்த்திருக்கிறேன். எங்கள் உத்திரமேரூர்ப் பக்கம் உயரம் என்றால் கோபுரம், அதை விட்டால் தண்ணீர்த் தொட்டி. இல்லாத மலையை நானே கட்டிக்கொள்ள வேண்டியதாயிற்று. கட்டினேன். இதில் எனக்குக் கூச்சம் ஒன்றும் கிடையாது. உற்சாகம் தாங்காமல் பாடவும் ஆரம்பித்துவிட்டேன்.

அம்மா மேலே வந்தாள். "இன்னாடி, பெருக்கச் சொன்னா பாடிக்கினு கீற?"

"எதிரொலி வருதும்மா. கேளேன்."

"வரும் வரும். ஆடித் தள்ளுபடியில ஒரு அண்டா வாங்கிப் போட்டா தானா அடங்கிடும். அடுத்தது உன்னுதுதான்."

எங்கள் வீட்டு வழக்கம் அது. பெண் பிறந்துவிட்டால் பண்டிகைக்குப் பண்டிகை ஒரு பாத்திரம் வாங்கி, விளிம்பில் அவள் பெயரை வெட்டி, மாடியறையில் அடுக்குவார்கள். அறை நிரம்பினால் பெண் கிளம்ப வேண்டியதுதான். அக்காவின் சாமான்களால் எனக்கு இதுவரை இடமில்லாமல் இருந்தது. இப்போது இடம் வந்துவிட்டது. கல்யாணம் எனக்கு எதிரி இல்லை. ஆனால் என்னை ஒரு வார்த்தை கேட்பதற்கு முன்பே பாத்திரம் பாத்திரமாக என்னை மூட்டை கட்டுவதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். அன்றே அறிவித்தேன்: மாடியறை இனிமேல் அந்த நகரத்தின் தூதரகம். அயல்நாட்டு மண். அண்டா நுழைய அனுமதி இல்லை.

சாப்பிடும்போது விசாரணை நடந்தது.

"அந்த ஊர்ல கல்யாணத்துக்கு இன்னா சீரு வெப்பாங்க?" என்றாள் அம்மா.

"வெக்க மாட்டாங்க. ரெண்டு வூட்லயும் ஆளுக்கொரு ரூம காலி பண்ணுவாங்க."

"சோறாவது உண்டா?"

"உண்டு. சாப்ட்டு முடிச்ச இலையப் பாத்துதான் கை தட்டுவாங்க."

நைனா சிரித்துவிட்டார். "அறுத்து முடிச்ச கயனியப் பாத்தா?"

"அதான் நைனா பெரிய திருவிழா!"

நைனா சோற்றைப் பிசைந்துகொண்டே, "அறுப்பு முடிஞ்ச அன்னிக்கு வரப்புல நின்னு பாத்தா நல்லாத்தான் கீது," என்றார். உடனே, "ஆனா அந்த ஊருக்காரன் நெல்லு மூட்டைய எங்க வெப்பான்?" என்றும் கேட்டார். அதைத்தான் இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

ஆடி பிறந்ததும் அம்மா அண்டாவை வாங்கியே விட்டாள். பெயர் வெட்டும் ஆள் அன்று கடையில் இல்லை. மறுநாள் அதை வெட்டிக்கொண்டு வர என்னையே அனுப்பினாள். என் பெயரை வெட்ட நானே போக வேண்டும்!

பாத்திரக் கடை பாய் அண்டாவைக் கவிழ்த்து, "பேரு சொல்லும்மா," என்றார். மிஷின் உர்ரென்றது.

"வெட்ட வேணாம் பாய்."

"இன்னாம்மா இது? பேரு இல்லன்னா போற வூட்ல எது உன் அண்டான்னு எப்டி தெரியும்?"

"தெரியவே வேணாம்."

"உங்கம்மா வந்து என்னைப் பேஜார் பண்ணுவாங்க."

"நான் பாத்துக்கறேன்."

பாய் மிஷினை நிறுத்தினார். "பேரு வெட்டாத பாத்திரத்த திருப்பி எடுத்துக்கலாம். வெட்டிட்டா எவனும் எடுக்க மாட்டான். உன் இஷ்டம்."

இதைவிட நல்ல செய்தி வேறென்ன வேண்டும்? பஸ்ஸில் அண்டாவை மடியில் வைத்து உள்ளே குரல் கொடுத்துப் பார்த்துக்கொண்டே வந்தேன். பக்கத்து சீட்டுக்காரம்மா தள்ளி உட்கார்ந்தார்.

வீட்டில் அம்மா விளிம்பைச் சுற்றி விரலால் தடவிக்கொண்டே வந்தாள். ஒரு முழுச் சுற்று. "எங்கடி பேரு?"

"வெட்டல. திருப்பிக் குடுத்தா வாங்கிக்குவாராம்."

திட்டுவாள் என்று தயாராக நின்றேன். அவள் படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டாள். "நான் இந்த வூட்டுக்கு வந்தப்ப ஒரு பலகை அளவுக்குத்தான் பாத்திரம் கொண்டாந்தேன். அத தனியா அடுக்கி வெச்சி, வர்றவங்க போறவங்களுக்கெல்லாம் காட்டுனாங்க. மருமக கொண்டாந்தது இவ்ளோதான்னு. உனக்கு அது நடக்கக் கூடாது."

இது எனக்குத் தெரியாது. அவள் பக்கத்தில் நானும் உட்கார்ந்தேன். ஆனாலும் சொன்னேன்: "அந்தப் பலகைக்குப் பயந்து என் ரூம ரொப்பாதம்மா. பாத்திரத்த எண்ணுற வூட்டுக்கு நான் போகவே மாட்டேன்."

"பேச்சு மட்டும் நல்லா கீது." எழுந்து அண்டாவைப் படிக்கட்டுக்கு அடியில் தள்ளினாள். மாடிக்கு ஏற்றவில்லை, கடைக்கும் அனுப்பவில்லை. "தீபாவளி வரைக்கும் இங்கயே கெடக்கட்டும். அதுக்குள்ள உன் ஊரு இன்னா ஊருன்னு எனக்குக் காட்டு. காட்டலன்னா நானே போய் வெட்டிக்கினு வந்துடுவேன்."

காட்டத்தான் போகிறேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை மாடியறையில் காலி நகரத்தின் திருவிழா. எங்கள் தெருப் பெண்களையெல்லாம் கூப்பிடப் போகிறேன், பாயையும்தான். ஒரே ஒரு விதி: எல்லோரும் வெறுங்கையோடு வர வேண்டும். பழம், பூ, பிஸ்கட் பாக்கெட் எதுவும் மாடியேறக் கூடாது. வந்து உட்கார்ந்து, ஆளுக்கொரு தடவை அறைக்குள் குரல் கொடுத்துவிட்டு, அது திருப்பிச் சொல்வதைக் கேட்டுவிட்டுப் போகலாம். "வெறுங்கையோட ஒரு வூட்டுக்கு எவ வருவா? மானம் போவாது?" என்கிறாள் அம்மா. எவள் வருகிறாள் என்று பார்த்துவிடலாம்.

முதல் அழைப்பு அவளுக்குத்தான். இடுப்புச் சாவிக்கொத்தைக்கூடக் கீழ்ப்படியில் அண்டாவுக்குள் போட்டுவிட்டுத்தான் அவள் ஏறி வர வேண்டும்.