அடித்தண்ணீர் பார்த்தவர்

ஐயாவுக்கு ஞாயிறு, திங்கள் என்பதெல்லாம் பெயருக்குத்தான். கடல் எப்போது ஏறுகிறதோ அப்போதுதான் அவருக்குப் பொழுது விடியும். இன்றைக்கு எட்டு மணிக்கு ஏறுகிற கடல் நாளைக்கு எட்டே முக்காலுக்கு ஏறும். மறுநாள் இன்னும் தள்ளிப் போகும். மனிதர்களோ கடிகாரம் பார்த்துச் சாப்பிட்டுக் கடிகாரம் பார்த்துத் தூங்குகிறவர்கள். இந்த இரண்டும் எங்கே ஒத்துப்போக! தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்தில் பஜனை நடக்கும்போது ஐயாவு ஆற்றங்கரையில் நிற்பார். அவர் பேச ஆள் தேடி லயத்துக்குப் போகும் நேரத்தில் எல்லாரும் வேலைக்காட்டில் இருப்பார்கள். வாசலில் படுத்திருக்கும் நாயிடம் இரண்டு வார்த்தை பேசிவிட்டுத் திரும்பி வருவார்.

கோல சிலாங்கூருக்கு மேலே, ஆற்றை ஒட்டிய ஒரு செம்பனை எண்ணெய்த் தோட்டத்தில் பம்பு பார்ப்பதுதான் அவர் வேலை. லயத்திலிருந்து பம்பு வீடு இரண்டு மைல். அங்கேயே ஒரு கட்டில், ஒரு மண்ணெண்ணெய் அடுப்பு, கரகரக்கும் ஒரு ரேடியோ. மனைவி அன்னம்மா ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்தொன்பதில் போய்ச் சேர்ந்தாள். பிள்ளை குட்டி இல்லை. உறவு என்று மிச்சம் இருந்தது பத்தாங் பெர்ஜுந்தாயில் வாழ்ந்த தங்கச்சி தாயம்மாவும் அவள் மகள் தங்கமணியும்தான்.

பம்பு பார்ப்பது என்ன பெரிய வேலை, சுவிட்சைப் போடு, சுவிட்சை அணை, அவ்வளவுதானே என்று நினைப்பவர்கள் ஒரு நாள் அங்கே நின்று பார்க்க வேண்டும். கடல் வற்றினால் ஆறும் வற்றி, பம்புக் குழாயின் வாய் சேற்றில் கிடக்கும். கடல் ஏறினால்தான் ஆறு நிமிர்ந்து குழாய்க்குத் தண்ணீர் எட்டும். ஆனால் ஏறுகிற தண்ணீரின் பின்னாலேயே உப்பும் வரும். நடுவில் கிடைக்கும் இரண்டு, மூன்று மணி நேரத்துக்குள் இறைத்துத் தொட்டியை நிரப்பிவிட வேண்டும். சீக்கிரம் நிறுத்தினால், செம்பனைக் கன்று வளர்க்கும் நர்சரியில் பாதிக் கன்று காயும். தாமதமாக நிறுத்தினால் உப்பு போய் எல்லாக் கன்றும் கருகும். வெயில் காலத்தில் ஆறு இளைத்துவிடும். அதைத் தள்ளிக்கொண்டு கடல் இன்னும் மேலே வரும்.

எண்பத்து மூன்றில் வந்த வறட்சியில்தான் ஐயாவு அந்தத் தப்பைச் செய்தார். நாக்கை நம்பினார். குழம்புக்கு உப்புப் பார்ப்பது போல ஆற்றில் கை விட்டு அள்ளி நக்கிப் பார்ப்பார். இனித்தது. மறுபடி பார்த்தார், அப்போதும் இனித்தது. பம்பை ஓடவிட்டார். பத்தே நாளில் கன்றுகளின் இலை நுனி பழுப்பேறி, பிறகு முழுசாகக் கருகிப் போயிற்று. பதினோராயிரம் கன்று! கறுப்புப் பைகளோடு டிராக்டரில் ஏற்றிக் கொண்டுபோய்க் கொட்டினார்கள். தோட்டத்தில் யாரும் அவரை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. டிராக்டர் போன அத்தனை நடையையும் அவர் ஒன்றுவிடாமல் பார்த்துக்கொண்டு நின்றார்.

அதற்குப் பிறகு நீர்ப்பாசன இலாகாவிலிருந்து திலகம் என்ற பெண் வந்தாள். அவளும் தோட்டத்துப் பிள்ளைதான், படித்து மேலே வந்தவள். ஐயாவு குடித்துக்கொண்டிருந்த சீனி போடாத கோப்பியில் இரண்டு கரண்டி உப்பைப் போட்டுக் கலக்கினாள்.

"அடடா, என்னம்மா பண்றே, என் கோப்பி!"

"பாருங்க அங்கிள்" என்று ஒரு கண்ணாடிக் குவளையில் நல்ல தண்ணீர் எடுத்து, அந்தக் கோப்பியைக் கரண்டியின் முதுகில் மெதுவாக வழியவிட்டாள். கோப்பி நேரே அடியில் போய்ப் படுத்துக்கொண்டது. மேலே தண்ணீர் தெளிவாக நின்றது. "உப்புச் சேர்ந்தா தண்ணி கனக்கும். கனத்தது கீழதான் போகும். கடல் ஆத்துக்குள்ள இப்படித்தான் அடியோட அடியா வருது. நீங்க நக்குனது மேல் தண்ணி. உங்க குழாய் குடிச்சது அடித்தண்ணி."

ஐயாவு அந்தக் குவளையையே பார்த்துக்கொண்டிருந்தார். தன் கண் முன்னால் ஓடிய ஆற்றுக்கு அடியில் இன்னோர் ஆறு எதிர்த் திசையில் ஓடியிருக்கிறது. இத்தனை வருஷம் அது தெரியாமல் இருந்திருக்கிறோமே என்று வெட்கமாக இருந்தது.

"பெரிய கடல்லயும் இதே கதைதான் அங்கிள். வடக்க கடுங்குளிர்ல ஐஸ் கட்டும். ஐஸ் உப்பைச் சேத்துக்காது, தண்ணியிலயே விட்டுரும். அந்தத் தண்ணி கனத்து அடியில எறங்கி நடக்க ஆரம்பிக்கும். இருட்டுலயே உலகம் பூரா சுத்திட்டு மறுபடி மேல வர ஆயிரம் வருஷம் ஆகும்னு சொல்றாங்க."

"ஆயிரம் வருசமா? யார்கிட்டயும் ஒரு வார்த்த பேசாமயா?"

திலகம் சிரித்துவிட்டாள். ஐயாவு சிரிக்கவில்லை.

அவள் ஒரு ஏற்பாடு செய்து கொடுத்துவிட்டுப் போனாள். கல் கட்டிய ஒரு போத்தல். அதன் தக்கைக்குத் தனியாக ஒரு கயிறு. மூடியபடியே போத்தலை அடிவரைக்கும் இறக்கி, தக்கைக் கயிற்றை வெடுக்கென்று இழுத்தால் அடித்தண்ணீர் மட்டும் நிறையும். அதை உயரமான குவளையில் ஊற்றி, அளவுக் கோடு போட்ட கண்ணாடி மிதவையைப் போட வேண்டும். உப்பு கூடக் கூட மிதவை மேலே எழும்பும். சிவப்புக் கோடு தண்ணீருக்கு மேலே தெரிந்தால் பம்பை நிறுத்திவிட வேண்டும்.

அன்றிலிருந்து அந்த மிதவையை ஐயாவு வேறு ஒருவரையும் தொடவிடவில்லை. பம்பு வீட்டை விட்டு நகரவும் இல்லை. தங்கமணி நிச்சயத்துக்கு அவர் போகவில்லை; தாய்மாமன் கொண்டுவர வேண்டிய சீரைத் தாயம்மாவின் பக்கத்து வீட்டு ராஜு கொண்டுபோய் வைத்தான். தங்கச்சி புருஷன் எழவுக்கு எல்லாம் முடிந்த பிறகு போய்ச் சேர்ந்தார். தாயம்மா அன்றைக்கு அழவில்லை. "அண்ணே, இதோட போகட்டும். தங்கமணி கல்யாணத்துக்கும் நீ வரலேன்னா எனக்கு அண்ணன்னு ஒருத்தன் இல்லன்னு நெனைச்சுக்கறேன்" என்றாள். சொன்னால் சொன்னபடி செய்கிறவள் அவள்.

எண்பத்தேழு தை மாதம் கல்யாணம் குறித்தார்கள். அமாவாசை கழிந்து மூன்றாம் நாள், ஞாயிறு, பத்தாங் பெர்ஜுந்தாய்க் கோயிலில், ஒன்பதிலிருந்து பத்தரைக்குள் முகூர்த்தம். கடல் மிக உயரமாக ஏறுகிற நாட்களில் ஒன்று அது. மழை பெய்து ஒரு மாதம் ஆகியிருந்தது. நர்சரியில் நாற்பதாயிரம் கன்று நின்றது. உப்பு பத்து மணிக்கு மேல் எந்த நிமிஷமும் பம்பு வீட்டை எட்டும். சீனப் புத்தாண்டு வேறு. பம்பு மெக்கானிக் ஊருக்குப் போய்விட்டார். மிச்சம் கிடைத்தவன் டிராக்டர் ஓட்டும் சோமு ஒருத்தன்தான். வாயைத் திறந்தால் மூட மாட்டான்.

ஒரு வாரம் அவனுக்குச் சொல்லிக் கொடுத்தார். கடைசி நாள் சோமு ஆற்றில் கையை விட்டு அள்ளி நக்கி, "நல்லாத்தானே இருக்கு லா!" என்று கண்ணடித்தான். ஐயாவு அவன் கையைத் தட்டிவிட்டார்.

"டேய், வெளையாடாதே. அடித்தண்ணி. அடித்தண்ணி மட்டும்தான்."

"ஐயோ அண்ணே, நூறு தடவ சொல்லிட்டீங்க. மாமன் மாதிரி ஜோரா போய் நில்லுங்க, போங்க."

காலை ஏழு மணிக்கு வெள்ளை வேட்டி கட்டி மோட்டார் சைக்கிளை எடுத்தார். மணப்பெண் நெற்றியில் தாய்மாமன் கட்டும் தங்கப் பட்டத்தைச் சிவப்புத் தாளில் மடித்துச் சட்டைப் பையில் வைத்திருந்தார். வழியெல்லாம் பையைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

வாசலில் அவரைக் கண்டதும் தாயம்மா வாய்விட்டு அழுதுவிட்டாள். "வந்துட்டியா அண்ணே! வந்துட்டியா!" என்று கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. யார் யாரோ சந்தனம் பூசினார்கள், கோப்பி கொடுத்தார்கள், பேர் சொல்லிக் கூப்பிட்டார்கள். தங்கமணி காலில் விழுந்து எழுந்தாள். இத்தனை பேர் நடுவில் நின்று எத்தனை காலமாயிற்று! தன்னைப் போல் பாக்கியசாலி இல்லை என்று அப்போது நினைத்தார்.

மாப்பிள்ளை வீட்டார்தான் வரவில்லை. ரவாங்கிலிருந்து வர வேண்டிய பஸ்ஸுக்குப் புத்தாண்டு என்று டிரைவர் கிடைக்கவில்லையாம். வேறு ஆள் பிடித்து இப்போதுதான் கிளம்பியிருக்கிறார்களாம். ஒன்பது அடித்தது. ஒன்பதேகால். மாப்பிள்ளை வராமல் பெண்ணை எப்படி மணவறைக்கு அழைத்துப் பட்டம் கட்டுவது? ஐயாவு கடிகாரத்தைப் பார்த்தார். ஏறுகிற ஆறு கண்ணுக்குள் வந்தது. சோமு அள்ளி நக்குவது வந்தது. டிராக்டரில் போன கறுப்புப் பைகள் வந்தன. ஒன்பது நாற்பதுக்கு மேல் அவரால் நிற்க முடியவில்லை.

"ராஜு, என் எடத்துல நீ நின்னு பொண்ண அழைச்சிட்டு வந்துரு. நான் போயே ஆகணும்."

"அண்ணே, பஸ் இந்தா வந்துரும்ணே! பத்து நிமிசம்!"

அவர் அதற்குள் மோட்டார் சைக்கிளை உதைத்துவிட்டார். திரும்பிப் பார்த்தபோது தாயம்மா வாசலில் நின்றிருந்தாள். பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

பம்பு வீட்டை நெருங்கும்போது பம்புச் சத்தம் கேட்கவில்லை. போச்சு, என்னவோ ஆகிவிட்டது என்று வேட்டியை மடித்துக்கொண்டு ஓடினார்.

சோமு பலகையில் உட்கார்ந்து கோப்பி குடித்துக்கொண்டிருந்தான். "என்னண்ணே, அதுக்குள்ள கல்யாணம் முடிஞ்சிருச்சா?"

"பம்பு?"

"பத்து பத்துக்கு நிறுத்திட்டேன். மூணு தடவ எறக்கிப் பாத்தேண்ணே. மேல் தண்ணி சர்பத்து மாதிரி இருக்கு, அடியில ஒரே உப்பு லா! தொட்டியும் ரொம்பிருச்சு."

ஐயாவு பார்த்தார். போத்தலின் கல்லில் அடிச்சேறு ஒட்டியிருந்தது. குவளையில் மிதவை எழும்பி, சிவப்புக் கோடு தண்ணீருக்கு மேலே பளிச்சென்று தெரிந்தது. ஒரு குறை சொல்ல இடமில்லை. அவர் நின்றிருந்தாலும் இதே நிமிஷத்தில்தான் நிறுத்தியிருப்பார்.

"சரியா செஞ்சிருக்கேடா" என்றார்.

"பின்னே! பொண்ணுக்குப் பட்டம் எப்படிண்ணே, ஜோரா இருந்துச்சா?"

ஐயாவுவின் கை தானாகச் சட்டைப் பைக்குப் போனது. சிவப்புத் தாள் அங்கேயே இருந்தது. சுவர்க் கடிகாரத்தில் மணி பத்து இருபத்தைந்து; முகூர்த்தம் முடிய ஐந்தே நிமிஷம். அவர் பட்டத்தை வெளியே எடுக்கவில்லை. பையை உள்ளங்கையால் பொத்திக்கொண்டு பலகையில் உட்கார்ந்தார்.

"ஜோரா இருந்துச்சு" என்றார்.

"இனிமே பயப்படாதீங்கண்ணே. எங்க போகணும்னாலும் ஒரு வார்த்த சொல்லுங்க, நான் பாத்துக்கறேன்."

ஐயாவு ஆற்றைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"இனிமே நான் எங்கடா போகப் போறேன்" என்றார்.