மூலை வெளுத்த உறைகள்

தம்பி ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் எங்கே போகிறான் என்று அக்காவுக்குத் தெரியாத காலம் ஒன்று இருந்தது. சாப்பிட்ட கை காய்வதற்குள் சட்டையை மாற்றிக்கொண்டு, தோள்பைக்குள் எதையோ செருகிக்கொண்டு, "வந்துடறேன்க்கா" என்று கதவைச் சாத்திவிட்டுப் போய்விடுவான். அக்கா துணி திருத்தும் கடையில் வேலை பார்ப்பவள். ஒரு நூல் பிசகினாலும் பிரித்துவிட்டு மறுபடி தைக்கிற ஆள். தம்பி விஷயத்தில் மட்டும் கண்ணை மூடிக்கொண்டு இருப்பாளா? ஒரு ஞாயிறு, பின்னாலேயே போனாள்.

ஜெராக்ஸ் கடைக்கு மேலே ஒரு மாடி அறை. நீள மேசைகள். இரண்டிரண்டு பேராக எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள். எல்லார் கையிலும் சீட்டு. அக்கா வாசலிலேயே நின்று கத்தினாள்.

"சீட்டாட்டமா? அதுவும் பட்டப்பகல்ல!"

தம்பி மேசைக்கு அடியில் புகுந்துவிடுவான் போலிருந்தது. அந்த அறையில் சீட்டு விற்கும் கடைக்காரர்தான் சிரித்துக்கொண்டே ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டார். "அம்மா, இது அந்தச் சீட்டு இல்ல. உட்கார்ந்து பாருங்க. பிடிக்கலன்னா அப்புறம் திட்டுங்க."

உட்கார்ந்தாள். பார்க்கப் பார்க்கப் புரிந்தது. ஒவ்வொருவரும் தனக்கு வேண்டிய சீட்டுகளைத் தானே தேர்ந்து ஒரு கட்டாகச் சேர்த்துக்கொண்டு வருகிறார்கள். அதற்கு டெக் என்று பேர். ஒவ்வொரு சீட்டுக்கும் பிளாஸ்டிக் உறை உண்டு, ஸ்லீவ் என்பார்கள். சீட்டுகளில் நிலம் என்று ஒரு வகை, அவர்கள் பேச்சில் லேண்டு. முதலில் நிலத்தை விரித்தால்தான் அதன் பலத்தில் மிருகச் சீட்டுகளை இறக்க முடியும். அழிந்த சீட்டெல்லாம் பக்கத்தில் முகம் தெரிகிற மாதிரி ஒரு குவியலாகக் கிடக்கும். மற்றவர்களுக்கு அந்தக் குவியலுக்குப் போன சீட்டு போனதுதான். தம்பியோ தன் நிலத்தைத் தானே அழித்து அதில் ஒரு லாபம் பார்ப்பான். அடுத்த முறை அதையே குவியலிலிருந்து எடுத்து மறுபடி விரிப்பான். திரும்ப அழிப்பான், திரும்ப எடுப்பான். எதிராளிக்கு ஆடி ஆடிக் கையே ஓய்ந்துபோகும்.

அவனுக்கு வேறு எந்த மாதிரி டெக் வரும்? வாஷிங் மெஷின் பழுது பார்ப்பவன் அவன். செத்த மெஷினிலிருந்து கழற்றிய மோட்டாரும் பெல்ட்டும் அவனுடைய அலமாரியில்தான் இருக்கும். சின்ன வயதில் அக்கா தூக்கிப் போட்ட பென்சில் துண்டுகளைப் பொறுக்கி, காகிதம் சுற்றி நீளமாக்கி எழுதியவன்.

"கொன்னாலும் சாக மாட்டேங்குதேடா உன் நிலம்!" என்று எதிரே இருந்த வேன் டிரைவர் தலையில் கை வைத்துக்கொண்டார். அவருடைய டெக் முழுக்க நெருப்பு கக்கும் மிருகங்கள். அன்றைக்கு அத்தனையும் சும்மா நின்றன.

அதற்குப் பிறகு எல்லா ஞாயிறும் அக்கா மடிப்புத் தைக்கிற துணியோடு அங்கே போய் உட்கார்ந்தாள். கால்சட்டை சுருக்க வருகிறவர்களிடம்கூடத் தம்பி பெருமைதான்.

வேறு ஊர்களில் இதே ஆட்டம் நடக்கிற கடைகளோடு மோத மூன்று பேர் அணி ஒன்று சேர்ந்தது. இரண்டு இடம் முடிவாகிவிட்டது. மூன்றாவது இடத்துக்குத் தம்பியும் வேன் டிரைவரும் மோத வேண்டும். எதிலும் பின்வரிசையிலேயே நின்று பழகிய தம்பி, இதற்கு மட்டும் ஆசைப்பட்டான். தூக்கத்தில்கூட விரல்கள் சீட்டு கலைத்தன.

அந்தச் சமயத்தில்தான் டிரைவர் மாடிப்படியில் அக்காவை நிறுத்தினார்.

"தப்பா நினைக்காதீங்க. உங்க தம்பி டெக்குக்குள்ள கண்ணு வச்சிருக்கான். மேல இருக்கிறது லேண்டா இல்லையான்னு எடுக்கறதுக்கு முன்னாடியே அவனுக்குத் தெரியுது."

"தோக்கறவங்க எல்லாரும் சொல்றதுதானே இது? வேன் நின்னுபோனா ரோட்டைத் திட்டுவீங்களோ?"

டிரைவரின் வாயை அடைத்துவிட்டாள். ஆனால் அன்றைக்குத் தைத்த மடிப்பு கோணலாகப் போனது. கண் ஊசியில் இல்லை, தம்பியின் கட்டைவிரலில் இருந்தது. சீட்டு எடுக்கும் முன் அந்த விரல் மேல் சீட்டின் மூலையில் போய் ஒரு தடவு தடவியது. சில நேரம் உடனே எடுத்தான். சில நேரம் நிறுத்தி, கையில் இருந்த வேறு சீட்டை முதலில் ஆடினான். எது எடுக்கப்போகிறோம் என்று தெரிந்தவன் செய்கிற காரியம் அது.

மறுநாள் தம்பி குளிக்கப் போனதும் அவள் டெக்கை எடுத்துத் தையல் மெஷின் விளக்குக்குக் கீழே முதுகு மேலே தெரியும்படி பரப்பினாள். எல்லாம் ஒரே கறுப்பு உறைதான். சாய்த்துப் பிடித்தபோது சிலவற்றின் மூலை மட்டும் வெளுத்து நைந்திருந்தது. நைந்ததையெல்லாம் தனியே எடுத்துத் திருப்பினாள்.

நிலம். நிலம். எல்லாமே நிலம்.

காரணம் புரியாமல் இல்லை. அந்தச் சீட்டுகள்தானே ஓயாமல் குவியலுக்குப் போய்ப் போய் வருகின்றன! தினம் போடுகிற சட்டையின் கழுத்துப்பட்டி நைகிற மாதிரி நைந்திருக்கின்றன. நைந்தது அவன் குற்றமில்லை. ஆனால் அது விரலுக்குத் தெரிந்த பிறகும் மாற்றாமல் வைத்திருந்தால்?

கேட்டால் மழுப்புவான். சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். அதனால் கேட்கவில்லை. போட்டிக்கு முந்தின நாள் அவன் வேலைக்குப் போயிருந்தபோது அதே கறுப்பில் புது உறை வாங்கி வந்து, ஒன்று விடாமல் எல்லாச் சீட்டுக்கும் மாற்றி, டெக்கைப் பெட்டியிலேயே திரும்ப வைத்துவிட்டாள்.

ஞாயிறு. மாடி அறையில் எல்லாரும் அந்த ஒரே மேசையைச் சுற்றி நின்றார்கள். தம்பி சீட்டைக் கலைக்க ஆரம்பித்தான். உறை வழுக்கியது. கை நின்றது. நிமிர்ந்து நேராக அக்காவைப் பார்த்தான். அவள் ஊசியில் நூல் கோப்பது போல் குனிந்துகொண்டாள்.

மூன்று ஆட்டம், இரண்டை ஜெயிப்பவருக்கு இடம். முதல் ஆட்டம் தொடங்கியது. கட்டைவிரல் பழக்கப்படி மூலைக்குப் போனது. தடவியது. இன்னொரு தரமும் தடவியது. அக்கா அதைப் பார்த்தாள். ஆக, தெரிந்துதான் செய்திருக்கிறான்.

முதல் ஆட்டம் போய்விட்டது. எதை எப்போது ஆடுவது என்றே தெரியாமல் தடுமாறினான். டிரைவர் மீசையைத் தடவிக்கொண்டு அக்காவைப் பார்த்தார். 

இரண்டாவது ஆட்டத்துக்குச் சீட்டைக் கலைக்காமல் தம்பி எழுந்து நின்றான்.

"அண்ணே, ஒண்ணு சொல்லணும். என் பழைய ஸ்லீவ்ல லேண்டு மட்டும் மூலை நைஞ்சிருந்துச்சு. கைக்குத் தெரியும். தெரிஞ்சும் மாத்தல. மாத்தினா தோத்துடுவேன்னு பயம். இன்னைக்கு இருக்கிறது புதுசு. அதுவும் நான் மாத்தினது இல்ல."

 கடைக்காரர் டிரைவரைப் பார்த்தார். "ஏமாந்தது நீங்கதான். வேணாம்னா சொல்லிடுங்க, இப்பவே நிறுத்திடலாம். இடம் உங்களுக்கு."

டிரைவர் தம்பியின் டெக்கை வாங்கினார். விளக்குப் பக்கம் திருப்பினார், மூலைகளைத் தடவினார், மோந்துகூடப் பார்த்தார்.

"சுத்தமாத்தான் இருக்கு. உட்காரு. ஆனா அந்தக் கட்டைவிரலை மடக்கி வச்சுக்கோ, பார்த்தாலே பத்திக்கிட்டு வருது."

கட்டைவிரலை உள்ளங்கைக்குள் மடக்கிக்கொண்டு இரண்டு விரலால் சீட்டெடுத்தான் தம்பி. டெக்கின் மேலே என்ன இருக்கிறது என்று இப்போது அவனுக்குத் தெரியாது. அதனால் கண் பக்கத்துக் குவியலுக்குப் போனது. அது எல்லாருக்கும் தெரிய மல்லாந்து கிடந்தது. வேண்டிய நிலம் அத்தனையும் அங்கேதான் இருந்தது. இதற்காகத்தானே இந்த டெக்கையே கட்டினான்? எடுத்தான், விரித்தான், அழித்தான், மறுபடி எடுத்தான். அந்த ஆட்டம் அவனுக்கு. மூன்றாவது ஆட்டம் இழுத்தடித்தது. கடைசியில் அதுவும் அவனுக்கு.

டிரைவர் சீட்டை மேசைமேல் போட்டார். "இடம் உனக்கு. ஆனா ஒவ்வொரு மேட்சுக்கும் நானும் வருவேன். உன் ஸ்லீவைப் பார்க்க."

"வேன் ஓட்டிக்கிட்டா வருவீங்க?" என்றாள் அக்கா.

"வேற யாரு கூட்டிட்டுப் போவாங்க, உங்க ஊசியா?"

இப்போதெல்லாம் சனிக்கிழமை சாயங்காலம் டெக் தையல் மெஷின் விளக்குக்குக் கீழே வந்துவிடும். அக்கா ஒவ்வொரு உறையாகச் சாய்த்துப் பார்ப்பாள். தம்பி பக்கத்தில் நின்று கையை நீட்டுவான்.

"என் மேல நம்பிக்கையே இல்லையாக்கா?"

"நிறைய இருக்கு. கையை எடு, வெளிச்சம் மறைக்குது."