லோரன்ஸுக்கு ஓரிடம்

சூசைதாசன் அண்ணை மன்னாரில் படகு கட்டியவர். 1986இல் நாங்கள் இருவரும் அகதிகளாக டென்மார்க்கின் தென் யூட்லண்டில் ஓர் அறையில் இருந்தபோது அவருக்குப் புல் வெட்டும் வேலை கிடைத்தது. ஊர் ஓரத்தில் இருந்த போர்வீரர் கல்லறைத் தோட்டத்தில்.

1864ஆம் ஆண்டுப் போரின் முன்னரங்கு அதற்குக் கிட்டத்தான் இருந்தது. காயப்பட்டவர்களை ஊர்த் தேவாலயத்துக்குள் கிடத்தினார்கள்; இறந்தவர்களைப் பின்னால் புதைத்தார்கள். டேனிஷ்காரரும் அவர்களைத் தோற்கடித்த பிரஷ்யரும் ஒரே வரிசையில் கிடக்கிறார்கள். பெயர் தெரியாதவனுக்கும் கல் உண்டு. அன்றிலிருந்து யாரோ ஒருவர் புல் வெட்டிக்கொண்டே இருக்கிறார்.

அண்ணையின் தம்பி லோரன்ஸுக்குக் கல் இல்லை. முந்தின வருடம் மீன்பிடிக்கப் போனவனைச் சுட்ட படையினர் உடலைத் தரவில்லை. எங்கே புதைத்தீர்கள் என்று கேட்ட தாயை விரட்டிவிட்டார்கள்.

நவம்பரில் இறந்தோர் திருநாள் வந்தது. மன்னாரில் அன்று கல்லறைகளைத் துப்புரவாக்கி மெழுகுதிரி கொளுத்துவார்கள். அண்ணை பலகையில் சிலுவை செய்து, தம்பியின் பெயரை எழுதி, கடைசி வரிசையின் முடிவில் நட்டார். கல்லறைத் தோட்டத்தில் சிலுவை வைக்க யாரையும் கேட்கத் தேவையில்லை என்று நினைத்திருப்பார்.

மறுநாள் அது கருவிக் கொட்டிலில், மண்வெட்டிகளுக்கு நடுவே தலைகீழாகக் கிடந்தது.

எனக்கு ஆங்கிலம் தெரியும் என்பதால் மொழிபெயர்க்க என்னைக் கூட்டிப்போனார். மேற்பார்வையாளர் மரியாதையாகத்தான் பேசினார். இது அந்தப் போரில் செத்தவர்களுக்கு மட்டுமான இடம், வேண்டுமானால் பொதுக் கல்லறையில் சில வருடங்களுக்கு ஓரிடம் வாடகைக்கு எடுக்கலாம் என்றார்.

"வாடகைக்கோ? அவன் என்ன குடியிருக்க வாறானோ எண்டு கேள், தம்பி."

எனக்கு அதைக் கேட்க வாய் வரவில்லை.

"சண்டை பிடிக்க வந்தவனுக்குக் கல்லு வைச்சுப் பாக்கினம். மீன் பிடிக்கப் போனவனுக்கு ஒரு சாண் நிலம் இல்லை. அதையெண்டாலும் சொல்லு."

சொன்னேன். தோட்டத்தின் விதி அப்படி என்றார் மேற்பார்வையாளர். எங்கள் வீட்டின் முதல் பட்டதாரி நான்; வரலாறு படித்தவன். போர்களின் காரணமும் விளைவும் எனக்கு மனப்பாடம். நான் படித்த படிப்பு அன்று அந்த விதியைத் தமிழில் சொல்லத்தான் உதவியது.

அண்ணை கொட்டில் சாவியை மேசையில் போட்டார்.

"உங்கட செத்தவங்களை இனி நீங்களே பாருங்கோ."

அதை நான் மொழிபெயர்க்கத் தேவை இருக்கவில்லை.

பஸ்ஸில், கொட்டிலிலிருந்து எடுத்துவந்த சிலுவையை யன்னலோர இருக்கையில் நிமிர்த்தி வைத்துவிட்டு அண்ணை நின்றார். நெரிசல். சிலுவையை மடியில் வைத்துக்கொள்ளலாம் என்று உட்காரப் போனேன்.

"அதில இராதை. அது அவன்ர இடம்."

இறங்கும்வரை நானும் நின்றுகொண்டே வந்தேன்.