அறுபத்தெட்டாவது நிமிடம்

இன்று நான் குடியிருக்கும் லாசாலில் பால் வாங்கப் போன தமிழ்க் கடையில், தொலைக்காட்சியில் இங்கிலாந்துக் கால்பந்து ஓடிக்கொண்டிருந்தது. கோல் எதுவும் விழவில்லை. ஆனாலும் ஐம்பத்திரண்டாவது நிமிடத்தில் மைதானமே எழுந்து கைதட்டியது.

"ஏன் தம்பி தட்டுகினம்?"

"பழைய ரசிகர் ஒருத்தர் ஐம்பத்திரண்டு வயசில செத்திட்டார், அண்ணை. அந்த நிமிசத்தில தட்டுறது எங்கட கிளப்பின்ர வழக்கம்," என்றார் கடைக்காரர்.

பாலுடன் காத்து நின்றேன். அறுபத்தெட்டாவது நிமிடம் வந்ததும் தனியாகக் கைதட்டினேன்.

"இது ஆருக்கு அண்ணை?"

"என்ர மனிசிக்கு. அறுபத்தெட்டில போனவள். பந்தெண்டாலே அவளுக்குப் பிடிக்காது."

அவரும் சிரித்தபடி தட்டினார்.

எனக்கு எண்பத்தொன்று. எழுதப் பழகியதே போன வருடம்தான், அதனால் மெதுவாக எழுதுகிறேன். ஆட்டமோ தொண்ணூறில் முடிந்துவிடும். நான் அதையும் தாண்டினால் எப்போது தட்டுவார்கள்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.