வீட்டுக்கு ஒருவர்

பன்னிரண்டாம் வகுப்புத் தேர்வு முடிவு வந்த அன்று பெரியப்பா எங்கள் குவார்ட்டர்ஸ் கேட்டுக்கு வெளியே நின்றபடியே அப்பாவைக் கூப்பிட்டார். காலை ஷிப்ட் முடிந்து சுரங்கத்திலிருந்து நேரே வந்திருந்தார். புருவத்திலும் காது மடலிலும் நிலக்கரித் தூள் படிந்திருந்தது. அம்மா உள்ளே வரச் சொன்னதற்கு, தரையெல்லாம் கறுப்பாகிவிடும், இங்கேயே நிற்கிறேன் என்றார். கையிலிருந்த மைசூர்பாகுப் பெட்டியைத் தானே பிரிக்காமல் என்னிடம் நீட்டினார். அவருடைய மகள், என்னைவிட ஒரு வயது மூத்த அக்கா, மந்தாரக்குப்பத்தில் தான் படித்த அரசுப் பள்ளியிலேயே முதலாவதாக வந்திருந்தாள். “டாக்டர் மார்க்குடா இது,” என்றார் அப்பாவிடம். அப்பா வெள்ளைச் சட்டையோடு போய் அவரைக் கட்டிக்கொண்டார். 2017ஆம் வருடம் அது. மருத்துவப் படிப்புக்கு நீட் வந்துவிட்டதால் அந்த மார்க்குக்கு இனி மதிப்பில்லை என்பது எங்களில் பாதிப் பேருக்குத் தெரிந்திருந்தது. அன்றைக்கு அதை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை.

பெரியப்பாவைப் பற்றிச் சொல்வதென்றால் நான் பிறப்பதற்கு முன்பிருந்து தொடங்க வேண்டும். சுரங்கத்துக்காக எங்கள் ஊரைக் காலி செய்தபோது எங்கள் குடும்பத்துக்கு நிலம் என்று எதுவும் கிடையாது. அடுத்தவர் கொல்லையில் கூலிக்கு முந்திரி பொறுக்கியும் நாற்று நட்டும் பிழைத்தவர்கள். இருந்தது ஒரு கூரை வீடு. அந்த வீட்டுக்காக ஒருவருக்கு வேலை கிடைத்தது. மூத்தவர் என்ற முறையில் அது பெரியப்பாவுக்குப் போயிருக்க வேண்டும். தம்பி பத்தாவது தேறியிருக்கிறான், அவன் போனால் மேலே வருவான் என்று சொல்லி அவர் அப்பாவின் பெயரைக் கொடுத்தார். அப்பா பர்மனென்ட் ஆனார். பெரியப்பா அதே சுரங்கத்தில் கான்ட்ராக்ட் தொழிலாளியாகச் சேர்ந்து, ஒப்பந்ததாரர்கள் மாற மாற அதே வேலையைச் செய்துகொண்டிருந்தார்.

அந்த ஒரு முடிவிலிருந்துதான் எங்கள் இரண்டு குடும்பங்களும் பிரிந்தன. எனக்கு மரங்கள் அடர்ந்த தெருவில் குவார்ட்டர்ஸும் டவுன்ஷிப் பள்ளியில் ஆங்கில வழிப் படிப்பும் கிடைத்தன. காய்ச்சல் வந்தால் போக ஆஸ்பத்திரி இருந்தது. அக்காவுக்கு மந்தாரக்குப்பத்தில் ஒரு கடைக்குப் பின்னால் வாடகை வீடு. ஞாயிற்றுக்கிழமைகளில் அவர்கள் எங்கள் வீட்டுக்கு வருவார்கள். நாங்கள் அங்கே போனது குறைவு. சிறுமியாக இருந்தபோது இதையெல்லாம் நான் யோசித்ததில்லை. சிலருக்கு வீடு டவுன்ஷிப்புக்கு உள்ளே இருக்கும், சிலருக்கு வெளியே இருக்கும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

நீட் தேர்வை அக்காவும் எழுதியிருந்தாள். அவள் வரிவரியாக மனப்பாடம் செய்து வைத்திருந்த பாடப் புத்தகத்துக்கும் அந்தக் கேள்விகளுக்கும் வெகுதூரம். நான் பதினொன்றாம் வகுப்பிலிருந்தே அதற்கென்று தனியாகப் பயிற்சி வகுப்புக்குப் போய்க்கொண்டிருந்தேன். அப்படியொரு வகுப்பு இருப்பதே அவளுக்கு என் மூலமாகத்தான் தெரியும். இருந்தாலும் அந்தக் கோடை முழுவதும் நம்பிக்கை இருந்தது. தமிழ்நாட்டுக்கு இந்த வருடம் விலக்கு கிடைத்துவிடும் என்று தினமும் செய்தியில் சொன்னார்கள். பெரியப்பா டீக்கடையில் நின்று தலைப்புச் செய்தியைப் பார்த்துவிட்டுத்தான் ஷிப்டுக்குப் போவார். ஆகஸ்ட் மாதக் கடைசியில் விலக்கு இல்லை என்று முடிவாகிவிட்டது. அதைத் தொடர்ந்து, இடம் கிடைக்காத மாணவி ஒருத்தி உயிரை மாய்த்துக்கொண்ட செய்தியைத் தொலைக்காட்சியில் பார்த்துப் பயந்துபோன பெரியம்மா, பல வாரங்கள் அக்காவைத் தனியாக விடவே இல்லை; கடைக்குப் போனாலும் கையோடு கூட்டிக்கொண்டு போனார்.

அந்த நாட்களில் ஒரு மாலை அப்பா என்னையும் அழைத்துக்கொண்டு மந்தாரக்குப்பம் போனார். நான் போகும் வகுப்பிலேயே அக்காவையும் ஒரு வருடம் சேர்த்துவிடுவதாகச் சொன்னார். பெரியப்பா தரையைப் பார்த்தபடியே கேட்டார்.

“அன்னிக்கு வேலைய வுட்டுக் குடுத்தேனே, அத நெனச்சிகினு செய்யறியா? அப்பிடின்னா வேணாம்பா.”

உள்ளேயிருந்து அக்கா வந்தாள். “நான் போறேன் சித்தப்பா. சொல்லிக் குடுத்தா எனக்கும் வரும்,” என்றாள். பிறகு யாரிடம் என்றில்லாமல், “எங்கூடப் படிச்சவங்களுக்குத்தான் இப்பிடியொரு சித்தப்பா இல்ல,” என்றாள். அவளோடு முதல் வரிசையில் உட்கார்ந்து படித்த இரண்டு பெண்கள் அதற்குள் வடலூரில் ஒரு துணிக்கடையில் வேலைக்குச் சேர்ந்திருந்தார்கள்.

அந்த வருடம் முழுவதும் அக்கா தினமும் மாலையில் சைக்கிளில் வகுப்புக்கு வந்தாள். பாடம் ஆங்கிலத்தில் நடக்கும். முதல் மாதங்களில் அவள் கேள்வியே கேட்கவில்லை. ஆசிரியர் சொன்னதைக் காதில் விழுந்தபடியே தமிழ் எழுத்தில் எழுதிக்கொண்டு வந்து எங்கள் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து என்னிடம் அர்த்தம் கேட்பாள். பொங்கலுக்குப் பிறகு நிலைமை தலைகீழாக மாறியது. இயற்பியல் கணக்குகளை அவள்தான் எனக்குச் சொல்லிக்கொடுத்தாள். பெரியப்பாவின் ஷிப்ட் தோதாக இருக்கும் நாட்களில் அவர் வகுப்பு வாசலில் காத்திருப்பார். மற்றப் பிள்ளைகளின் அப்பாக்கள் நிற்கும் இடத்திலிருந்து சற்றுத் தள்ளி, சாலையின் எதிர்ப்பக்கம் நிற்பார். அன்றைக்கு என்ன பாடம் என்று கேட்பார். அக்கா சொல்வதில் ஒரு சொல்லும் அவருக்குப் பிடிபடாது. ஆனாலும் ஒவ்வொரு நாளும் கேட்டார்.

அடுத்த வருடம் இருவரும் தேர்வு எழுதினோம். அக்கா என்னைவிட அதிக மதிப்பெண் எடுத்தாள். இதைத் தெளிவாக எழுதிவைக்க விரும்புகிறேன், ஏனென்றால் பின்னால் நடந்ததை மட்டும் பார்க்கிறவர்கள் வேறு மாதிரி நினைத்துக்கொள்கிறார்கள்.

கலந்தாய்வுக்குச் சென்னைக்கு நாங்கள் நால்வரும் சேர்ந்து போனோம். ஒரே குடும்பம், ஒரே இடஒதுக்கீட்டுப் பிரிவு. அக்காவின் பெயர் என் பெயருக்கு வெகுமுன்னே இருந்தது. வெளியே பந்தலில் வைத்திருந்த திரையில் அரசுக் கல்லூரி இடங்கள் ஒவ்வொன்றாகக் குறைந்துகொண்டே வந்து, அவளைக் கூப்பிடுவதற்குச் சற்று முன்னால் தீர்ந்துபோயின. தனியார் கல்லூரி இடங்கள் மட்டும் மிச்சமிருந்தன. பெரியப்பாவும் அக்காவும் உள்ளே போனார்கள். அந்தக் கல்லூரிகளின் லட்சக்கணக்கான கட்டணத்துக்காக வங்கியில் ஏற்கெனவே விசாரித்தாயிற்று. அவ்வளவு கடனுக்கு ஈடாகச் சொத்து கேட்டார்கள். வாடகை வீட்டில் இருக்கிற கான்ட்ராக்ட் தொழிலாளியிடம் என்ன இருக்கும்? அப்பாவின் சம்பளத்தைக் காட்டி ஒரு பிள்ளையைப் படிக்கவைக்கலாம், இருவரை முடியாது. அவர்கள் சீக்கிரமே திரும்பி வந்துவிட்டார்கள். அக்கா அப்பாவைப் பார்த்து, இல்லை என்று தலையை மட்டும் அசைத்தாள்.

பிற்பகலில் என்னைக் கூப்பிட்டார்கள். காலையில் அவள் வேண்டாம் என்று விட்டுவந்த அதே கல்லூரியில் இன்னும் இடம் இருந்தது. அப்பா ஒப்புக்கொண்டார். வெளியே வந்ததும் பெரியப்பா என் தலையில் கைவைத்து, நம் வீட்டில் ஒரு டாக்டர் என்றார். அந்தக் குரலில் நான் எதையோ தேடினேன். அதில் சந்தோஷத்தைத் தவிர வேறெதுவும் இல்லை. அதுதான் தாங்க முடியாததாக இருந்தது.

திரும்பும் பேருந்தில் அக்கா என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். பண்ருட்டி தாண்டியதும் சொன்னாள்: “ஒம்மேல கோவமே இல்ல. ஆனா இவளுக்குப் படிப்பு வரலன்னு எவனும் சொல்லக்கூடாது. அப்பிடிச் சொன்னா நீ கேட்டுகினு இருக்காத.”

அவள் அரசுக் கல்லூரியில் நர்சிங் சேர்ந்தாள். ஓரிரு ஆண்டுகள் கழித்து, அரசுப் பள்ளிப் பிள்ளைகளுக்கு மருத்துவப் படிப்பில் தனி ஒதுக்கீடு வந்தது. அவள் பள்ளியிலிருந்தே ஒரு பெண்ணுக்கு இடம் கிடைத்த செய்தியை எனக்குப் போனில் சொன்னது அக்காதான். அந்தப் பெண் எந்தத் தெரு, யார் மகள் என்பதையெல்லாம் விசாரித்து வைத்திருந்தாள்.

இப்போது அவள் ஓர் அரசு மருத்துவமனையில் நர்ஸ், அதுவும் ஒப்பந்த அடிப்படையில். நான் படிப்பு முடித்துப் பயிற்சி மருத்துவராக இருக்கிறேன். போன மாதம் பெரியப்பாவுக்கு மூச்சிரைப்பு அதிகமாகி, அக்கா வேலை பார்க்கும் மருத்துவமனையிலேயே சேர்த்திருந்தார்கள். நான் விடுப்பு எடுத்துப் பார்க்கப் போனேன். பக்கத்துக் கட்டிலில் இருந்தவர் வெகுநேரமாக எங்களைக் கவனித்துக்கொண்டிருந்தார். நான் டாக்டர், அவள் நர்ஸ், இருவரும் அக்கா தங்கை என்று தெரிந்ததும், சின்னவளுக்குத்தான் மூளை ஜாஸ்தி போலிருக்கிறது என்று சிரித்தபடி சொன்னார்.

நான் வாயைத் திறப்பதற்குள் பெரியப்பா முகத்திலிருந்த ஆக்சிஜன் முகமூடியைக் கையால் விலக்கினார்.

“மூள ரெண்டு பேருக்கும் ஒண்ணுதாங்க. சொல்லப்போனா பெரியவளுக்குக் கொஞ்சம் கூட. எங்க வூட்ல பர்மனென்ட்டு ஒருத்தருக்குத்தான் கெடச்சிது, அதாங்க.”

குறையாகச் சொல்லவில்லை அவர். விவரம் தெரியாதவருக்கு விவரம் சொல்வதுபோலச் சொன்னார். அக்கா முகமூடியைத் திரும்பவும் சரியாகப் பொருத்தி, பேசாமல் மூச்சை நன்றாக இழுத்து விடுங்கள் என்றாள். அவர் மகள் சொன்னபடியே செய்தார்.